பழுப்புப் பட்டாம்பூச்சி ஆல்ப்ஸ் போகுமா?

கேள்வி: அந்தி நேரத்தில் எங்கள் வீட்டு விளக்கடிக்கு வருகிற பழுப்புப் பட்டாம்பூச்சியும், ஆல்ப்ஸ் மலையில் இருக்கிறதே எரெபியா, அதுவும் ஒன்றா? – வாசகர், கீரிப்பாறை.

பதில்: ஒன்றல்ல, தூரத்துச் சொந்தம். உங்கள் விளக்குக்கு வருவது பெரும்பாலும் மெலனிடிஸ் லீடா, அதன் புழு நெல் இலையைத் தின்னும். எரெபியா குளிர்தேசத்து ஆள். கிரேக்கத்தில் எரெபஸ் என்றால் இருட்டு, நிறத்தைப் பார்த்தால் பெயர் சரிதான். அந்தக் கரும்பழுப்பு சும்மா இல்லை, வெயிலை வாங்கிச் சூடாகத்தான் சிறகை விரித்து உட்காரும், மேகம் மறைத்தால் போதும், பொத்தென்று புல்லுக்குள் இறங்கிவிடும். கோடை குறுகியது என்பதால் சில இனங்களின் புழு புல் தின்று வளர்ந்து முடிக்கவே 2 வருடம் ஆகும். நம்ம ஊர் வெயிலுக்கு இவ்வளவு கருப்புச் சட்டை தேவையே இல்லை!