கால்பந்து ஆடுகிறேன். மூன்று மாதமாகத் தொடை இடுக்கில் வலி. ஓய்வெடுத்தால் போகிறது, ஆடினால் திரும்புகிறது. மாத்திரையும் சாப்பிட்டுப் பார்த்தேன். எம்.ஆர்.ஐ. ஸ்கேனில் எலும்பில் நீர் கோத்திருப்பதாக அறிக்கை வந்திருக்கிறது. அறுவை சிகிச்சை வேண்டியிருக்குமா?

பெரும்பாலும் வேண்டியிருக்காது. ஆனால் ஓய்வு மட்டும் இதைக் குணப்படுத்தாது. கால்பந்து ஆட்டக்காரர்களுக்குப் பிசியோதெரபி அளித்துவரும் அனுபவத்தில் சொல்கிறேன்: "நன்றாக ஓய்வெடு" என்று மட்டும் சொல்லி அனுப்பப்பட்ட இளைஞர்கள் அடுத்த சீசனில் அதே வலியோடு வந்து நிற்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஆற்றாமையாக இருக்கும்.

காரணம் எளிது. தொடையின் உட்புறத்தில் அடக்டர் லாங்கஸ் என்றொரு தசை உண்டு. அடிவயிற்றுக்குக் கீழே உள்ள பூப்பெலும்பில், மிகச் சிறிய இடத்தில் அது ஒட்டிக்கொண்டிருக்கிறது. பந்தை ஓங்கி உதைப்பதற்காகக் காலைப் பின்னால் கொண்டுபோய், அங்கிருந்து முன்னால் வீசும் கணத்தில், அந்தத் தசை நீண்டுகொண்டே காலை இழுத்துப் பிடிக்க வேண்டியிருக்கிறது. சட்டென்று திசை மாற்றி ஓடும்போதும் ஏறக்குறைய இதே வேலைதான். நீங்கள் மூன்று வாரம் படுத்திருந்தால் வலி அடங்கும். கூடவே தசையின் பலமும் குறையும். ஆட்டத்தில் அதன் மேல் விழும் சுமை மட்டும் குறைவதில்லை. பிறகு எப்படி வலி திரும்பாமல் இருக்கும்?

இது வெறும் கருத்து அல்ல. டென்மார்க்கைச் சேர்ந்த பெர் ஹோல்மிச் குழுவினர் 1999இல் லான்செட் மருத்துவ இதழில் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். நீண்ட நாளாக இந்த வலியோடு இருந்த 68 விளையாட்டு வீரர்களை இரண்டாகப் பிரித்து, ஒரு குழுவுக்குத் தசையை வலுப்படுத்தும் பயிற்சியும் மற்றதற்கு லேசர், மசாஜ், தசை நீட்டல் போன்ற சிகிச்சையும் கொடுத்தார்கள். பயிற்சி செய்தவர்களில் 23 பேர் வலியின்றி விளையாட்டுக்குத் திரும்பினார்கள். மற்ற குழுவில் 4 பேர்தான். கால் நூற்றாண்டு ஆகியும் பலர் இன்னும் ஒத்தடத்தையும் மெஷினையும் நம்பியே மாதங்களைக் கடத்துகிறார்கள்.

முதலில் எந்த வகை வலி என்று பார்க்க வேண்டும். மல்லாந்து படுத்து, முழங்கால்களை மடக்கி, இரண்டுக்கும் நடுவே யாராவது ஒருவரின் முஷ்டியை வைத்து மெதுவாக, பிறகு பலமாக நெரித்துப் பாருங்கள். நெரிக்கும்போது பூப்பெலும்பை ஒட்டிய இடத்தில் உங்களுக்குப் பழக்கமான அதே வலி எழுந்தால், அடக்டர் தசையில்தான் சிக்கல் என்று பெரும்பாலும் சொல்லலாம். இருமினாலும் தும்மினாலும் அடிவயிற்றின் ஓரத்தில் சுரீரென்றால் அது வேறு வகை. வலி மூட்டுக்குள்ளே ஆழத்தில் இருப்பதுபோல் தோன்றுகிறது, எங்கே என்று கேட்டால் இடுப்பின் பக்கவாட்டைக் கையால் வளைத்துப் பிடித்துக் காட்டுகிறீர்கள், குந்தி உட்காரவோ காலுறை மாட்டவோ சிரமமாக இருக்கிறது என்றால் இடுப்பு மூட்டையே சோதிக்க வேண்டும். 2014இல் தோஹாவில் கூடிய நிபுணர்களும் இந்த வலியை இப்படி இடம் பார்த்துத்தான் வகைப்படுத்தினார்கள். ஒருவருக்கே இரண்டு வகை சேர்ந்தும் இருக்கலாம்.

எம்.ஆர்.ஐ. எடுத்ததாகவும் பூப்பெலும்பில் நீர் கோத்திருப்பதாக அறிக்கை வந்ததாகவும் எழுதியிருக்கிறீர்கள். அதைப் பார்த்துப் பயந்துவிடாதீர்கள். வலியே இல்லாமல் ஆடிக்கொண்டிருக்கும் பல வீரர்களின் ஸ்கேனிலும் அது தெரியும். தொடை எலும்பின் தலைப்பகுதி சற்றுப் புடைத்திருப்பதும் அப்படித்தான்.

இனி பயிற்சி. தொடக்கத்தில், படுத்தபடி முழங்கால்களுக்கு இடையே ஒரு பந்தை வைத்து அழுத்திப் பிடித்து விடுவதே போதும். அது சுலபமானதும் கோபன்ஹேகன் பயிற்சிக்குப் போகலாம். ஒருக்களித்துப் படுத்து முழங்கையை ஊன்றுங்கள். மேல் காலை நண்பர் தம் இடுப்பு உயரத்தில் பிடித்துக்கொள்ளட்டும். உடலை நேர்கோட்டில் உயர்த்தி, கீழ்க்காலை மேல்காலோடு சேர்த்து, மூன்று எண்ணும் நேரத்தில் மெல்ல இறக்குங்கள். கணுக்காலில் பிடித்தால் கடினமாக இருக்கும். முதல் சில வாரங்களுக்கு முழங்காலைப் பிடித்துக்கொள்வதே நல்லது. நார்வேயில் பகுதிநேரத் தொழில்முறை அணிகளிடம் நடந்த ஆய்வில், இதை வழக்கமாகச் செய்த அணிகளுக்குத் தொடை இடுக்குச் சிக்கல்கள் வரும் ஆபத்து 41 சதவீதம் குறைவாக இருந்தது. ஒரு மைதானமும் ஒரு கூட்டாளியும் இருந்தால் செய்யக்கூடிய பயிற்சி இது. நம் பள்ளி, கல்லூரி அணிகளின் பயிற்சியில் இது இல்லாதது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

பயிற்சியின்போது பத்துக்கு இரண்டு என்ற அளவில் வலி இருந்தால் பரவாயில்லை. மறுநாள் காலையில் கூடியிருந்தால் அளவைக் குறையுங்கள். பலன் தெரிய எட்டு முதல் பன்னிரண்டு வாரம் ஆகும். டோர்னமென்ட் நெருங்குகிறது என்று வலிமறப்பு ஊசி போட்டுக்கொண்டு இறங்கச் சொன்னால் தயவுசெய்து மறுத்துவிடுங்கள், சொல்வது யாராக இருந்தாலும்.

சில அறிகுறிகள் இருந்தால் பயிற்சியைத் தொடங்காமல் நேரே மருத்துவரிடம் போக வேண்டும்: இரவில் தூக்கத்தைக் கெடுக்கும் வலி, காய்ச்சல், விரையில் வலி அல்லது வீக்கம், காலை ஊன்றவே முடியாமை. பதின்வயதுப் பிள்ளை இடுப்பிலோ முழங்காலிலோ வலி என்று நொண்டினால் இடுப்பு மூட்டை எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பது அவசியம். வளரும் வயதில் தொடை எலும்பின் தலை நழுவுவது உண்டு. தாமதித்தால் மூட்டே பாழாகும்.

அறுவை சிகிச்சை என்ற பேச்சு, முறையான பயிற்சியை மூன்று மாதமாவது செய்தும் தேறாதபோதுதான் வர வேண்டும். உங்கள் கடிதத்தில் ஓய்வும் மாத்திரையும் இருக்கின்றன, பயிற்சி எங்கும் இல்லை. அதைத் தொடங்குங்கள். மைதானத்துக்குத் திரும்பும்போது முதலில் நேர் ஓட்டம், பிறகு திசை மாற்றும் ஓட்டம், அதன் பின் குட்டிப் பாஸ். முழு வேகத்தில் கோலை நோக்கி உதைப்பதும் நீண்ட கார்னர் கிக்கும் எல்லாவற்றுக்கும் கடைசியில்.