பிரிட்டிஷ் துப்பறியும் கதைகளில் வரும் ‘கனவான் திருடன்’ என்பவர் யார்?

நல்ல குடும்பம், நல்ல படிப்பு, கச்சிதமான உடை, பெரிய இடத்துப் பழக்கம். இரவில் நகைத் திருட்டு. அதுதான் கனவான் திருடன். பெயர்பெற்ற உதாரணம், ஈ. டபிள்யூ. ஹார்னங் படைத்த ராஃபிள்ஸ். முதல் தொகுப்பு வந்தது 1899-இல். ஹார்னங், ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த கானன் டாயிலின் தங்கை கணவர்! குற்றவாளியை நாயகனாக்குவது டாயிலுக்குப் பிடிக்கவில்லை.

இவர்கள் ஏன் எளிதில் மாட்டுவதில்லை? அன்றைய இங்கிலாந்தில் சந்தேகமும் வர்க்கம் பார்த்துத்தான் விழுந்தது. கல்யாண வீட்டுக்குப் பட்டு வேட்டியோடு காரில் வந்து இறங்குபவரிடம் ‘நீங்க யார் வீட்டுப் பக்கம்?’ என்று யாரும் கேட்பதில்லையே, அப்படித்தான். ராஃபிள்ஸ் அருமையான கிரிக்கெட் பந்துவீச்சாளர். ஒரு கதையில், ஆட்டத்துக்காகவே ஒரு பிரபு மாளிகைக்கு விருந்தாளியாக அழைக்கப்படுகிறார். அங்கே அவர் கண் வைப்பது சக விருந்தாளியான மெல்ரோஸ் சீமாட்டியின் நெக்லஸ் மேல். பந்து வீசத்தான் கூப்பிட்டார்கள், சமமாக மதித்து அல்ல என்ற கடுப்பும் அவருக்கு உண்டு. என் கணக்கில், நகையை விட அந்தக் கடுப்புதான் கதையின் சுவை.

பலர் இவரை ராபின் ஹூட் வகையில் சேர்க்கிறார்கள். ராஃபிள்ஸ் திருடுவது ஏழைகளுக்காக அல்ல, பெரும்பாலும் தன் செலவுக்கும் சாகச ஆசைக்கும்தான்.