ஜன்னல் இடுக்கு முதல் மாடி மோட்டார் வரை: சத்தம் பற்றிய கேள்வி-பதில்

மெயின் ரோட்டுமேல் வீடு. சுவரில் முட்டை அட்டை ஒட்டினால் பஸ் ஹாரன் சத்தம் குறையுமா?

குறையாது. அறைக்குள் எழும் எதிரொலிதான் சற்று அடங்கும். வெளிச்சத்தத்தைத் தடுக்கக் கனம் வேண்டும். அட்டைக்கு அது கிடையாது. முதலில் ஜன்னலைக் கவனியுங்கள். காற்று புகும் இடுக்கில் சத்தமும் புகும். சட்டத்தில் ஒரு தாளை வைத்து ஜன்னலைச் சாத்தி இழுத்துப் பாருங்கள். லேசாக உருவிக்கொண்டு வந்தால், அந்த இடம் அடையவில்லை. பழைய பட்டையைச் சுரண்டி, தூசி துடைத்து, ஈரம் காய்ந்ததும் ஈபிடிஎம் (EPDM) என்ற, வெயில் தாங்கும் ரப்பர் பட்டை ஒட்டுங்கள். இடுக்கு 3 மி.மீ. என்றால் பட்டை 5 மி.மீ. இருக்கட்டும், அழுந்தினால்தான் அடைக்கும். ஸ்பாஞ்சு பட்டை வெயிலில் பொடிந்துவிடும். ஸ்லைடிங் ஜன்னல் என்ன செய்தாலும் முழுதாக அடையாது. அதற்கு உள்பக்கம் 10 செ.மீ. தள்ளி, கதவு மாதிரி சாத்தும் இரண்டாவது ஜன்னல் போடுவதே நல்லது.

மாடியில் பிரஷர் பம்ப் ஓடினால் கீழே படுக்கையறை முழுக்க உறுமுகிறது. பெட்டி போட்டு மூடலாமா?

மூடாதீர்கள். மோட்டார் சூடாகும், உறுமலும் போகாது. அது காற்றில் வரவில்லை, தளம் வழியாகவும் பைப் வழியாகவும் இறங்குகிறது. பம்ப் ஓடும்போது பைப்பில் கை வையுங்கள், தெரியும். பம்பின் கால்களுக்கு அடியில் கனமான ரப்பர் பேட் வையுங்கள். போல்ட்டை நேரடியாகத் தளத்தில் முறுக்கினால் பேட் வைத்தும் வீண். போல்ட்டுக்கும் ரப்பர் வாஷர் வேண்டும். பம்ப்பையும் பைப்பையும் ஓர் அடி நீள ஃப்ளெக்சிபிள் ஹோஸால் இணையுங்கள். சுவர் கிளாம்புக்குள்ளும் ரப்பர் சுற்றுங்கள். இதையெல்லாம் பலர் விட்டுவிட்டுப் பம்பையே மாற்றுகிறார்கள். ஜல்லி உருட்டுவது போல் கேட்டால் மட்டும் கோளாறு வேறு: உறிஞ்சும் பைப்பில் காற்று புகுகிறது, அல்லது வால்வில் அடைப்பு.

மிக்சிக்கு அடியில் துண்டு மடித்து வைக்கலாமா?

வேண்டாம், அடியில் உள்ள காற்றுத் துளைகள் அடைபடும். ரப்பர் கால்கள் தேய்ந்திருந்தால் மாற்றுங்கள். சமையல் மேடை மூலையிலிருந்து ஓர் அடி முன்னே இழுத்து வைத்தாலே இரைச்சல் கொஞ்சம் தணியும்.

பிள்ளைக்குப் பிளஸ் டூ பரீட்சை. தெருவில் இரவு 11 மணிக்கும் ஒலிபெருக்கி. யாரிடம் சொல்வது?

100 அல்லது 112-க்கு அழையுங்கள். 2000-ஆம் ஆண்டு ஒலி மாசு விதிகளின்படி, ஒலிபெருக்கி வைக்க எழுத்துப்பூர்வ அனுமதி வேண்டும். இரவு 10 முதல் காலை 6 வரை தடை. விழாக்களுக்காக நள்ளிரவு 12 வரை மாநில அரசு விலக்கு தரலாம், அதுவும் ஆண்டுக்கு 15 நாளுக்கு மிகாமல். குடியிருப்புப் பகுதியில் பகல் வரம்பு 55 டெசிபல், இரவு 45. சத்தம் அளக்கும் போன் செயலி காட்டும் எண் துல்லியமானதல்ல; அதைச் சொல்லி வாதாட வேண்டாம். இடம், நேரம், எத்தனை நாளாக என்று சொல்லுங்கள். ஒலிபெருக்கி ஓடிக்கொண்டிருக்கும்போதே அழைப்பது முக்கியம்.