முதலில் துவாய், பிறகு மருந்து

கேள்வி: நுவரெலியாவில் பிள்ளைகளை ஏற்றி நடத்தும் இரண்டு மட்டக்குதிரைகள் வைத்திருக்கிறேன். மழைக்காலம் பிடித்தால் ஒன்றுக்கு முதுகில் மயிர் கொத்துக் கொத்தாய் ஒட்டிப் பொருக்குத் தட்டுகிறது, மற்றதுக்குக் குளம்புக்கு மேலே தோல் வெடிக்கிறது. முதலுதவிப் பெட்டியில் என்ன மருந்தெல்லாம் வாங்கி வைக்கலாம்?

பதில்: முதலில் நாலைந்து பழைய துவாய்களை வையுங்கள். சிரிக்க வேண்டாம். நீங்கள் சொல்லும் இரண்டுக்கும் பெரும்பாலும் டெர்மட்டோபிலஸ் என்ற ஒரே கிருமிதான் காரணம், அது நல்ல தோலில் ஒன்றும் செய்யாது, ஈரத்தில் நாள்கணக்காய் ஊறிய தோலில்தான் புகும். 6,000 அடிக்கு மேலே இருக்கிற உங்கள் ஊரில் மழைக்காலத்தில் வெயில் வந்து காயவைக்கும் என்று பார்த்திருந்தால் நடக்காது, நீங்கள்தான் துடைத்துக் காயவைக்க வேண்டும்.

அடுத்தது 4 சதவீத குளோர்ஹெக்சிடின், கிருமி கொல்லும் கழுவுமருந்து, பாமசியில் கிடைக்கும். நுரைக்கத் தேய்த்து 10 நிமிடம் விட்டு, கழுவி, அப்புறம் நன்றாகத் துடையுங்கள். பொருக்கைக் காய்ந்தபடி பிய்க்கக் கூடாது, அது வலிக்கும், குதிரை உதைத்தால் குற்றம் அதனுடையதல்ல. ஊறிக் கழன்று வருவதை மட்டும் எடுங்கள், எடுத்ததை லாயத்துக்குள் போடாதீர்கள், அதில் கிருமி இருக்கும்.

சேணப்பட்டி உரசிய புண், கீறல் போன்றவற்றுக்கு உப்புத் தண்ணீரே போதும்: கொதித்து ஆறிய ஒரு லீட்டர் தண்ணீருக்கு ஏறக்குறைய 9 கிராம் உப்பு. பொவிடோன் அயடீன் கிருமிநாசினி என்றால் வெளிறிய பிளேன்டீ நிறம் வரும்வரை தண்ணீர் கலந்து பாவியுங்கள். புண் ஆறும்வரை சேணம் கட்டாதீர்கள், வருமானம் போகும்தான், ஆனால் வேறு வழியில்லை. கோஸ் துணி, கையுறை, மொட்டைமுனைக் கத்தரிக்கோல், வெப்பமானி இவையும் இருக்கட்டும்.

வெப்பமானியை மறக்கிறவர்கள்தான் அதிகம். வளர்ந்த குதிரைக்கு 37.5 முதல் 38.5 பாகை செல்சியஸ் வரை சரி. அதற்கு மேலே போனாலோ, கால் வீங்கி நொண்டினாலோ, மூட்டருகில் புண் என்றாலோ பெட்டியை மூடிவிட்டு மிருக வைத்தியரைக் கூப்பிடுங்கள். அவர் வரும்போது ஏற்பு (டெட்டனஸ்) ஊசி போட்டாயிற்றா என்றும் கேட்டுக்கொள்ளுங்கள், சின்ன ஆணிக்காயம்கூடக் குதிரையைக் கொண்டுபோய்விடும்.

ஸ்டெரொயிட் களிம்பு பெட்டிக்குள் வேண்டாம், என்ன நோய் என்று தெரியாமல் பூசினால் கிருமிக்குத்தான் கொண்டாட்டம். வாகனத்தின் கழிவு எண்ணெயைப் பூசுகிற ஆட்களும் இருக்கிறார்கள், அது தோலை எரித்துவிடும்.

கேள்வி: குதிரைக்கு மயிர் உதிர்ந்து வட்டம் வட்டமாய் வருகிறது. மகளின் கையிலும் அதேபோல் ஒன்று. தொற்றுமா?

பதில்: படர்தாமரையாக இருந்தால் தொற்றும். மகளை வைத்தியரிடம் காட்டுங்கள். அந்தக் குதிரைக்குத் தனித் தூரிகை, தனிச் சேணத்துணி, தொடும்போது கையுறை. அதை நன்றாகும்வரை சவாரிக்கு விடவேண்டாம், ஏறுகிற பிள்ளைகளும் நம் பிள்ளைகள்தானே.