சம்பந்தி இல்லாத அரசகுலம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

தங்கள் இஸ்தான்புல் பயணக் குறிப்பைப் படித்தேன். தோப்காப்பி அரண்மனையின் அந்தப்புரத்துக்கு நான்கே வரிகள் ஒதுக்கியிருந்தீர்கள். அந்த நான்கு வரியிலும் ‘அடிமைப் பெண்கள்’ என்ற சொல் மூன்று முறை வருகிறது. சுல்தான் சுலைமான் காலத்துக் கதையைச் சொல்லும் துருக்கித் தொடர் ஒன்றை நானும் என் மனைவியும் விடாமல் பார்த்தோம். அதில் வரும் பெண்கள் மரகதம் அணிந்து மந்திரிகளை ஆட்டிவைக்கிறார்கள். அவர்களை அடிமைகள் என்பது பொருந்துமா? ஆசைநாயகியர் என்றாவது எழுதியிருக்கலாம் என்பது என் மனைவியின் கருத்து.

இன்னொரு சந்தேகம். மூன்று கண்டங்களில் ஆட்சி செய்தவர்கள் இளவரசிகளை மணக்காமல், விலைக்கு வாங்கிய பெண்களிடம் வாரிசு பெற்றது ஏன்? காமம்தான் காரணம், வேறென்ன என்கிறார் என் நண்பர். எனக்கு அது போதவில்லை.

எஸ்.,
மதுரை

அன்புள்ள எஸ்.,

காமத்துக்கு இத்தனை கணக்குப்பிள்ளைகள் தேவைப்படாது என்று உங்கள் நண்பரிடம் சொல்லுங்கள். சுலைமானின் குலத்தாரான உஸ்மானியர்களின் (ஆங்கிலத்தில் ஓட்டோமான்) அந்தப்புரத்துப் பெண்கள் ஒவ்வொருவருக்கும் நாட்கூலி உண்டு. அது அக்சே என்ற வெள்ளிக்காசில் கணக்கிடப்பட்டுப் பேரேட்டில் ஏறியது. புதிதாக வந்த பணிப்பெண்ணுக்குச் சில காசுகள். சுலைமானின் மனைவி ஹுர்ரெமுக்கு நாளொன்றுக்கு 2,000. ஒரு பெண்ணின் உயரம் எவ்வளவு என்று தெரிய அவள் முகத்தைப் பார்க்க வேண்டியதில்லை, பேரேட்டைப் பார்த்தால் போதும்.

நான் போனபோது தோப்காப்பியில் அந்தப்புரத்துக்குத் தனி டிக்கெட். வாங்கிக்கொண்டு உள்ளே போனவர்களில் பாதிப் பேர் எதையோ எதிர்பார்த்து வந்து ஏமாந்த முகத்தோடு வெளியே வந்ததைக் கண்டேன். நானும் அவர்களில் ஒருவன்தான் என்று ஒப்புக்கொள்வதில் வெட்கமில்லை. சுவரெல்லாம் இஸ்னிக் நகரத்துச் சித்திர ஓடுகள், நீலமும் பச்சையுமாக. ஆனால் நடைகள் குறுகல். ஒரு நடையில் சுவரோரமாக நீளமான சலவைக்கல் மேடை இருக்கிறது. சமையற்கட்டிலிருந்து வரும் தட்டுகளைக் காவலர்கள் அதில் வைத்துவிட்டு விலகிக்கொள்வார்கள், பெண்கள் வந்து எடுத்துப்போவார்கள். எனக்கு அது விடுதியை நினைவூட்டியது. சுமார் 300 அறைகள் கொண்ட, கண்டிப்பு மிகுந்த பெண்கள் விடுதி. விடுதிக் காப்பாளர் யார் என்பதைக் கட்டடமே சொல்லிவிடுகிறது. சுல்தானின் அறைகளுக்கும் பணிப்பெண்களின் முற்றத்துக்கும் நடுவில் அமைந்திருப்பவை அவருடைய தாயின் அறைகள். வாலிதே சுல்தான் என்பது அந்தத் தாயின் பட்டம். மகனின் படுக்கையறைக்கு எந்தப் பெண் போகிறாள் என்பதை அறிந்திருந்தவள் அவள், பல சமயங்களில் தேர்ந்தெடுத்தவளும் அவளே.

அங்கிருந்த பெண்களில் பெரும்பாலோர் சுல்தானின் அருகே போனதே கிடையாது. துணி வெளுத்தார்கள், தைத்தார்கள், கணக்குப் பார்த்தார்கள், குர்ஆன் ஓதக் கற்றார்கள். ஒன்பது ஆண்டுகள் போலப் பணிசெய்தபின் விடுதலை பெற்று, சீதனத்தோடு அரண்மனை அதிகாரி யாருக்காவது மனைவியானவர்கள் ஏராளம். ‘ஓதா’ என்றால் துருக்கியில் அறை. ‘ஓதாலிக்’ அறையைப் பார்த்துக்கொள்ளும் பணிப்பெண். இந்தச் சொல்தான் பிரெஞ்சுக்குப் போய் ‘ஓதலிஸ்க்’ ஆயிற்று. கிழக்கே காலடி வைக்காத ஆங்கர் என்ற ஓவியர் 1814இல் அவளை ஆடையின்றிப் படுக்கவைத்து, கையில் மயிற்பீலி விசிறியைக் கொடுத்துவிட்டார். அறை பெருக்கியவளுக்கு வந்த வாழ்வு!

1717இல் ஆங்கிலத் தூதரின் மனைவியாக அங்கே போன மேரி மான்டேகுவின் கடிதங்களில் ஒரு காட்சி உண்டு. சோஃபியா நகரில் பெண்களின் குளியலறைக்குப் போகிறார். அங்கிருந்தவர்கள் இவரையும் ஆடை களையச் சொல்கிறார்கள். இவர் சட்டையைத் திறந்து உள்ளே அணிந்திருந்த இறுக்குக் கச்சைக் காட்டுகிறார். கணவன்தான் மனைவியை இந்தக் கூட்டுக்குள் வைத்துப் பூட்டியிருக்கிறான் என்று நினைத்துவிட்டார்களாம் அந்தப் பெண்கள். பல்லாண்டு கழித்து இதே ஆங்கர் ‘துருக்கிக் குளியல்’ வரைந்தபோது இவருடைய கடிதங்களைப் பயன்படுத்திக்கொண்டார். நிர்வாணத்தை எடுத்துக்கொண்டு கச்சை விட்டுவிட்டார்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. அதுதான் நல்ல கேள்வி.

தொடக்கத்தில் அவர்களும் இளவரசிகளை மணந்தவர்கள்தான். தொடக்ககாலச் சுல்தான் ஓர்ஹான் 1346இல் பைசாந்திய இளவரசி தியோடோராவை மணந்தார். இரண்டாம் முராத் செர்பிய இளவரசி மாராவை மணந்தார். இவை படை உதவிக்காகவும் எல்லைக்காகவும் நடந்த கல்யாணங்கள். இந்த ராணிகளுக்கு மரியாதை இருந்தது, அரியணையேறும் பிள்ளை மட்டும் பெரும்பாலும் இல்லை. மாராவுக்குப் பிள்ளையே கிடையாது. வாரிசுகள் அடிமைப் பெண்களிடமே பிறந்தார்கள். 1453இல் பைசாந்தியத் தலைநகர் கான்ஸ்டான்டினோபிள் (இன்றைய இஸ்தான்புல்) வீழ்ந்து, பின்னர் சுற்றியிருந்த சிற்றரசுகளும் ஒவ்வொன்றாக விழுங்கப்பட்டபிறகு, அப்படிப்பட்ட கல்யாணங்களும் நின்றுபோயின.

நம் ஊர்க் கல்யாணங்களை நினைத்துப் பாருங்கள், உடனே விளங்கிவிடும். பெண் எடுத்தால் சம்பந்தி வருவார். பிள்ளை பிறந்தால் தாய்மாமன் வருவார். தாய்மாமனுக்குச் சபையில் இடம் கொடுக்க வேண்டும். அந்த இடம் அரசவையாக இருந்தால், அவருக்குச் சொந்தப் படையும் இருந்தால்? பாதி உலகத்தில் வாரிசுப் போர்களைத் தூண்டியவர்கள் தாய்வழி உறவினர்தாம். உஸ்மானியர்கள் சம்பந்தியே இல்லாத ஓர் அரசகுலத்தை உண்டாக்கினார்கள். பிறந்த வீடு அறுக்கப்பட்ட பெண்ணை எடுத்துக்கொண்டால் மாமனார் இல்லை, மைத்துனன் இல்லை, சீர் கேட்டு வாசலில் நிற்கவும் ஆளில்லை. மார்க்கச் சட்டமும் இதற்குத் தோதாக இருந்தது. எஜமானுக்குப் பிள்ளை பெற்ற அடிமையை விற்கக்கூடாது, எஜமான் இறந்தால் அவள் சுதந்திரமானவள், பிள்ளையோ பிறக்கும்போதே சுதந்திரமானவன், முழு உரிமையுள்ள வாரிசு.

அறுத்த வேலை சுத்தமாக நடந்தது. பெயரிலிருந்தே தொடங்குவார்கள். ஹுர்ரெம் என்பது அரண்மனை வைத்த பாரசீகப் பெயர், மகிழ்ச்சியானவள் என்று பொருள். ஐரோப்பியர் அவளைச் சொன்ன ‘ரொக்ஸலானா’ பெயரே அல்ல, ருத்தேனியப் பெண் என்ற அடையாளம். இன்றைய உக்ரைன் பகுதியிலிருந்து பிடித்துவரப்பட்டவள். அவளுக்குத் தாய் வைத்த பெயராகப் பிற்காலத்தார் சொல்பவை வாய்வழிக் கதைகள். அவள் மருமகள் நூர்பானு வெனிஸ்காரியா கிரேக்கப் பெண்ணா என்று ஆய்வாளர்கள் இன்றும் மல்லுக்கட்டுகிறார்கள். உலகின் பெரிய அரசொன்றில் சுல்தானின் தாயாக இருந்தவளுக்குச் சொந்த ஊர் எதுவென்று உறுதி இல்லை.

இதே கதைதான் ஆண்களுக்கும் என்பதைத் தொடர்கள் சொல்வதில்லை. பால்கன் கிராமங்களில் கிறிஸ்தவக் குடும்பங்களின் சிறுவர்களைப் பிடித்துவந்து, மதம் மாற்றி, அரண்மனைப் பள்ளியில் வளர்த்தார்கள். அவர்களில் சிலர் முதன்மை மந்திரிகளானார்கள். 1565 முதல் 1579 வரை அந்தப் பதவியில் இருந்த சொகொல்லு மெஹ்மத் பாஷா போஸ்னியாவிலிருந்து அப்படி வந்தவர். அவர் மணந்தது இரண்டாம் செலிமுக்கும் நூர்பானுவுக்கும் பிறந்த மகளை. மாமியாரும் அடிமையாக வந்தவர், மருமகனும் அடிமையாக வந்தவர். சுல்தானின் மகள்களை இப்படித் தன் வீட்டு ஆட்களுக்கே கட்டிக்கொடுப்பது வழக்கம், அந்த வழிப் பேரனுக்கு அரியணையில் பங்கு கிடையாது. (சம்பந்தியே வேண்டாம் என்றிருந்த குலம் நாடிழந்து பிரான்சில் அகதியாக இருந்தபோது, 1931இல், கடைசி கலீஃபாவின் மகள் துர்ருஷெவார் மணந்தது யாரை தெரியுமா? ஹைதராபாத் நிஜாமின் மூத்த மகனை. சம்பந்தி கிடைத்தார், அதுவும் அன்றைய உலகின் பெரும் பணக்காரர்!)

பெண்களுக்குத் திரும்புகிறேன். ஒருத்திக்கு ஓர் ஆண்பிள்ளை என்பது நெடுங்கால வழக்கம். மகனைப் பெற்றவள் அதன்பின் சுல்தானின் படுக்கைக்குப் போவதில்லை. மகன் வளர்ந்து மனிசாவுக்கோ அமாசியாவுக்கோ ஆளுநராகப் போகும்போது அவளும் கூடப்போவாள். அவன் குடும்பத்தை நடத்துவது, ஆசிரியர்களைக் கண்காணிப்பது, விஷம் வைக்கப்படாமல் பார்த்துக்கொள்வது எல்லாம் அவள் பொறுப்பு. அண்ணன் தம்பிகளில் ஒருவன்தான் பிழைப்பான். அரியணை ஏறுபவன் மற்றவர்களைக் கொல்லலாம் என்று இரண்டாம் மெஹ்மத் சட்டமே எழுதிவைத்திருந்தார். 1595இல் மூன்றாம் மெஹ்மத் பட்டமேறியபோது 19 தம்பிகளைக் கழுத்தை நெரித்துக் கொல்லச் செய்தார். அவர்களில் கைக்குழந்தைகளும் இருந்தார்கள்.

அந்த வழக்கத்தை உடைத்தவள் ஹுர்ரெம். ஐந்து மகன்களைப் பெற்றாள். சுலைமான் அவளை விடுதலைசெய்து 1534ஐ ஒட்டி முறைப்படி மணந்துகொண்டார். தலைநகர் வாயைப் பிளந்தது, சூனியக்காரி என்றது. அவள் போலந்து அரசருக்குக் கடிதம் எழுதினாள், ஜெருசலேமில் ஏழைகளுக்கு அன்னதானக் கூடம் கட்டினாள். உங்கள் தொடரின் கதாநாயகி இவள்தான் என்று நினைக்கிறேன்.

எனக்கு அவளைவிட மஹிதெவ்ரான் மீதுதான் கவனம் போகிறது. சுலைமானின் பிழைத்திருந்த மகன்களில் மூத்தவனான முஸ்தஃபாவின் தாய். சிப்பாய்களின் செல்லப்பிள்ளையாக இருந்த அந்த மகனை 1553இல் தந்தையே தன் கூடாரத்துக்கு அழைத்துக் கொல்லச் செய்தார். மகன் போன அன்றே தாயின் பதவியும் போய்விட்டது. மஹிதெவ்ரான் புர்சா நகரில் வீட்டு வாடகைக்கே திண்டாடும் நிலையில் வாழ்ந்தாள். பிற்பாடு அவள் கடனை அடைத்து, மானியம் கொடுத்து, முஸ்தஃபாவுக்குக் கல்லறை மண்டபமும் கட்டித்தந்தவர் இரண்டாம் செலிம், ஹுர்ரெமின் மகன். ஏன் செய்தார் என்று அடிக்கடி யோசித்துப் பார்ப்பேன்.

இவர்களுக்கு அதிகாரம் இருந்ததா? இருந்தது, கொஞ்சநஞ்சமல்ல. 1603இல் பட்டமேறிய அகமது தம்பியைக் கொல்லாமல் விட்டார். அதன்பின் இளவரசர்களைக் கொல்வது குறைந்து, அந்தப்புரத்துக்குள் ‘கூண்டு’ என்று அழைக்கப்பட்ட அறைகளில் அடைத்துவைப்பது வழக்கமாயிற்று. வெளியுலகம் அறியாதவர்களும் சிறுவர்களும் சுல்தான்களானபோது அரசை நடத்தப் பழகிய கை தாயின் கைதான். அகமதின் மனைவி கோசெம் 1623இல் 11 வயது மகன் நான்காம் முராதுக்காக ஆட்சி நடத்தினாள். 1648இல் இன்னொரு மகன் இப்ராஹிமை இறக்கிவிட ஒப்புதல் கொடுத்தாள். அடுத்துப் பட்டமேறிய ஆறு வயதுப் பேரனுக்காகவும் ஆட்சியைப் பிடித்துக்கொண்டாள். அப்போது அந்தப் பேரனின் தாய் துர்ஹான் குறுக்கே நின்றாள். அவளும் அடிமையாக வந்தவளே. 1651 செப்டம்பரில் ஓர் இரவு, துர்ஹான் பக்கத்துக் காவலர்கள் கோசெமைத் தேடிப்பிடித்து நெரித்துக் கொன்றார்கள். ஐந்தாண்டு கழித்து, 1656இல், துர்ஹான் ஆட்சிப் பொறுப்பை முதன்மை மந்திரி கோப்ருலு மெஹ்மத் பாஷாவிடம் ஒப்படைத்துவிட்டு மசூதி கட்டப் போய்விட்டாள். படகுத்துறையருகே சுற்றுலாக்காரர்கள் புறாக்களுக்குத் தீனி போடும் ‘புதிய மசூதி’ அவள் கட்டிமுடித்ததுதான்.

அந்தக் காவலர்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. அந்தப்புர வாசலில் நின்றவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து சிறுவயதில் கொண்டுவரப்பட்டு விதை நீக்கப்பட்டவர்கள். உடலை ஊனப்படுத்துவதை மார்க்கம் தடுத்ததால், மேல் எகிப்தில் பிற மதத்தார் கையால் அது நடந்தது. பலர் அங்கேயே செத்தார்கள். பிழைத்தவர்களில் ஒருவர், அபிசீனியாவில் பிறந்த பெஷிர் ஆகா, 1717 முதல் 1746 வரை தலைமைக் காவலராக இருந்து மந்திரிகளை நியமிக்கவும் நீக்கவும் செய்தார். இவரையும் அதிகாரம் மிக்கவர் என்று தாராளமாகச் சொல்லலாம். அடிமை என்ற சொல்லை மட்டும் அதற்காக அழித்துவிட முடியாது. ‘ஆசைநாயகி’யில் ஆசை யாருடையது என்ற கேள்வி உள்ளது, ‘நாயகி’யோ முழுப் பொய். தங்கள் மனைவி மன்னிக்கவும்.

நாம் துருக்கியரைப் பார்த்து ‘அடடா’ போட வேண்டியதும் இல்லை. சோழர் கல்வெட்டுகளில் ‘வேளம்’ வருகிறது. அரண்மனைப் பெண்டிர் வாழ்ந்த இடம். போரில் தோற்றவன் வீட்டுப் பெண்களை வேளம் ஏற்றியதை மெய்க்கீர்த்திகள் பெருமையோடு பாடுகின்றன. ‘வேளத்துப் பெண்டாட்டி’ என்று தன்னைக் குறித்துக்கொண்டு கோயிலுக்கு விளக்கெரிக்கக் கொடை கொடுத்த பெண்களும் கல்வெட்டில் இருக்கிறார்கள். பெண்டாட்டி என்றால் அங்கே மனைவி அல்ல, பணிப்பெண். கொடை கொடுக்கக் கையில் காசு இருந்திருக்கிறது, அடையாளம் சொல்ல வேளத்தின் பெயர்தான் இருந்திருக்கிறது.

நீங்கள் கேட்காத ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். 1909இல் இரண்டாம் அப்துல்ஹமீது பதவியிறக்கப்பட்டபின் புதிய அரசு அந்தப்புரத்தைக் கலைத்தது. கடைசிக்காலப் பெண்களில் பெரும்பாலோர் காகசஸ் மலைப்பகுதியைச் சேர்ந்த சர்க்காசியர்கள். வீட்டுப் பெண்களை அழைத்துப்போக வரலாம் என்று சர்க்காசியக் கிராமங்களுக்குச் செய்தி போயிற்று. மலைக்கிராமத்து உடையில் தகப்பன்மாரும் அண்ணன்மாரும் தோப்காப்பிக்கு வந்தார்கள். ஒரு கூடத்தில் பெண்களை முகத்திரை விலக்கி நிறுத்தினார்கள். சிறுமிகளாகப் பிரிந்தவர்களை முகம் பார்த்துத் தேட வேண்டியிருந்தது. சிலர் அடையாளம் கண்டு கட்டிக்கொண்டு அழுதார்கள், மூட்டை கட்டிக்கொண்டு அன்றே கிளம்பினார்கள். தேடி வர ஆளில்லாத பெண்கள் கூடத்திலேயே நின்றிருந்தார்கள்.