கேம் லிஸ்ட் வெறுமையாகிறதா? எமுலேட்டரை விட்டுவிட்டு ஹார்ட் டிஸ்க்கைப் பாருங்கள்

கேள்வி: வெள்ளவத்தையிலிருந்து எழுதுகிறேன். அண்ணா கனடா போகும்போது தன் பிளேஸ்டேஷன் 2ஐயும் 60 டிஸ்க் வரையும் விட்டுப் போனார். பாதி ஒரிஜினல், மீதி மார்க்கரால் பெயர் எழுதிய கொப்பிகள். யூஎஸ்பி டிவிடி டிரைவ் ஒன்று வாங்கி, கொஞ்சத்தை எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி, பிளேஸ்டேஷன் 2 கேம்களைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டரான பிசிஎஸ்எக்ஸ்2ஐ லெப்டொப்பில் போட்டிருக்கிறேன். சில நாள் லிஸ்ட் முழுதாக வருகிறது, சில நாள் ஒன்றுமே இல்லை. ஒரே கேம் இரண்டு தரம் நிற்கிறது. ஃபைலின் பெயரை மாற்றினாலும் லிஸ்டில் மாறவில்லை. பெரிய கேம்களைப் பழைய ஹார்ட் டிஸ்க்குக்குக் கொப்பி பண்ணவே முடியவில்லை. ஓகஸ்ட் விடுமுறைக்கு அண்ணாவின் பிள்ளைகள் வருகிறார்கள். அதற்குள் வடிவாக அடுக்கி வைக்க என்ன வழி?

பதில்: நீங்கள் சொன்ன நான்கு பிரச்சினையில் ஒன்றுகூட எமுலேட்டரின் கோளாறு இல்லை. பிசிஎஸ்எக்ஸ்2 காட்டும் லிஸ்ட், நீங்கள் சுட்டிக்காட்டிய போல்டரில் என்ன கிடக்கிறதோ அதன் நிழல்தான். நிழலைத் திருத்தப் போய் மினக்கெடாமல் போல்டரைத் திருத்துங்கள். கவர் படம், ஒழுங்கு எல்லாம் அப்புறம்.

முதலில் வெறுமையாகும் லிஸ்ட். எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி மாட்டும்போது விண்டோஸ் அதற்கு ஒரு நாள் ஈ என்ற எழுத்தைக் கொடுக்கும். இடையில் பென் டிரைவ் ஒன்று மாட்டியிருந்தால் எஃப் என்று கொடுத்துவிடும். எமுலேட்டரோ ஈயில் இருந்த போல்டரை மட்டும்தான் ஞாபகம் வைத்திருக்கிறது. ஸ்டார்ட் பட்டனில் ரைட் கிளிக் செய்து டிஸ்க் மேனேஜ்மென்ட்டைத் திறந்து, உங்கள் ஹார்ட் டிஸ்க்குக்கு எழுத்து வரிசையின் பின்பகுதியில் இருந்து ஒன்றை, ஆர் அல்லது எக்ஸ் போல, நிரந்தரமாகக் கொடுத்துவிடுங்கள். அந்த லெப்டொப்பில் அதன் பிறகு எழுத்து மாறாது. பிறகு கேம் லிஸ்ட் செட்டிங்ஸில் பழைய பாதையை நீக்கிப் புதியதைச் சேருங்கள். சேர்க்கும்போது உள்போல்டர்களையும் தேடவா என்று கேட்கும். ஆம் என்று சொல்லாமல் விட்டால், கேம் ஒவ்வொன்றையும் தனிப் போல்டரில் வைத்திருப்பவருக்கு லிஸ்ட் வெறுமையாகத்தான் வரும்.

கொப்பி ஆகாத பெரிய கேம்களுக்குக் காரணம் ஃபேட்32 என்ற பழைய ஃபோர்மட். அந்த முறையில் அமைத்த ஹார்ட் டிஸ்க்கில் தனியொரு ஃபைல் 4 ஜிபியைத் தாண்ட முடியாது. டிவிடியோ 4.7 ஜிபி வரை போகும், இரட்டை அடுக்கு டிஸ்க் 8.5 வரை. இடம் 300 ஜிபி காலியாக இருந்தாலும் விண்டோஸ் மறுத்துவிடும், ஆட்களும் டிஸ்க் பழுது என்று நினைத்துக் கடைக்கு ஓடுவார்கள். ஹார்ட் டிஸ்க்கை என்டிஎஃப்எஸ் என்ற ஃபோர்மட்டுக்கு மாற்றுங்கள். எக்ஸ்ஃபேட்டும் பெரிய ஃபைல்களை ஏற்கும்தான். ஆனால் எழுதிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனாலோ வயரை யாராவது இழுத்தாலோ என்டிஎஃப்எஸ் கூடுதலாகத் தாங்கும். பற்றரி செத்த லெப்டொப்பை எந்நேரமும் பிளக்கிலேயே வைத்து ஓட்டுகிற வீடுகளுக்கு இது சின்ன விஷயம் இல்லை. ஃபோர்மட் செய்தால் உள்ளே இருப்பது அழியும், முதலில் எல்லாவற்றையும் வேறிடத்துக்கு எடுத்து வையுங்கள்.

ஒரு சந்தேகம் உங்களுக்கு வரலாம்: கேம்களை லெப்டொப்பின் எஸ்எஸ்டியிலேயே வைத்தால் வேகமாக ஓடாதா? தேவையே இல்லை. பிளேஸ்டேஷன் 2இன் டிவிடி டிரைவ் 4 மடங்கு வேகம் மட்டுமே, நொடிக்கு ஏறக்குறைய 5 எம்பி. பழைய யூஎஸ்பி 2 ஹார்ட் டிஸ்க்கும் அதைவிட வேகம். உங்கள் 60 டிஸ்க்கும் முழுக்க நிரம்பிய ஒற்றை அடுக்கு டிவிடி என்றே வைத்தாலும் ஏறக்குறைய 280 ஜிபிதான். எஸ்எஸ்டியை விண்டோஸுக்கு விடுங்கள்.

இனிப் பெயர் விவகாரம். நீங்கள் ஃபைலுக்கு என்ன பெயர் வைக்கிறீர்கள் என்பதை பிசிஎஸ்எக்ஸ்2 சட்டை செய்வதில்லை. டிஸ்க்குக்குள் இருக்கும் சீரியல் இலக்கத்தை வாசித்து, தன்னிடம் உள்ள பட்டியலில் தேடி, அந்தப் பெயரைத்தான் காட்டுகிறது. அதனால்தான் உங்கள் பெயர்மாற்றம் பலிக்கவில்லை. பெயர் கட்டாயம் வேறாக வேண்டுமென்றால் லிஸ்டில் கேமின் மேல் ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸில் தலைப்பை மாற்றுங்கள்.

இந்தச் சீரியலைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் முழு நூலகமும் இதன் மேல்தான் நிற்கிறது. ஒரிஜினல் டிஸ்க்கின் முகத்திலேயே அச்சடித்திருப்பார்கள். எஸ்எல்யூஎஸ் அல்லது எஸ்சியூஎஸ் என்று தொடங்கினால் அமெரிக்கப் பதிப்பு. எஸ்எல்இஎஸ், எஸ்சிஇஎஸ் என்றால் ஐரோப்பியப் பதிப்பு. எஸ்எல்பிஎம், எஸ்எல்பிஎஸ் என்றால் பெரும்பாலும் ஜப்பான். மார்க்கரில் "கார் கேம் 3" என்று மட்டும் எழுதிய டிஸ்க் எது என்று எப்படி அறிவது? டிரைவில் போட்டு எக்ஸ்புளோரரில் திறங்கள். சிஸ்டம் என்ற பெயரும் சிஎன்எஃப் என்ற முடிவும் கொண்ட மிகச் சிறிய ஃபைல் ஒன்று இருக்கும். அதை நோட்பேடில் திறந்தால் சில வரிதான். முதல் வரியிலேயே சீரியல் கிடக்கும், கீழ்க்கோடும் புள்ளியும் நடுவில் செருகியபடி. அந்த வரி பூட்2 என்று தொடங்கினால் பிளேஸ்டேஷன் 2 கேம். வெறும் பூட் என்று தொடங்கினால் அது பிளேஸ்டேஷன் 1 டிஸ்க். அண்ணாமார் இரண்டையும் ஒரே பௌச்சில் அடுக்கி வைப்பது வழக்கம்தான். பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்குகளைப் பிரித்து வேறு போல்டரில் வையுங்கள். அவற்றுக்கு டக்ஸ்டேஷன் நல்ல எமுலேட்டர்.

கொப்பிகளைப் பற்றி ஒளிக்காமல் சொல்கிறேன். அந்தக் காலத்தில் கொழும்பில் ஒரிஜினல் டிஸ்க்கைக் கண்ணால் கண்டவர்கள் குறைவு, உங்கள் அண்ணாவிடம் பாதி இருந்ததே அதிசயம். நம் நாட்டின் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், கணினி நிரலைச் சட்டப்படி சொந்தமாக வைத்திருப்பவர் ஒரு காப்புப் பிரதி எடுக்க இடமளிக்கிறது. மார்க்கர் டிஸ்க்குக்கு அந்த வாதம் செல்லாது. சட்டத்தை ஒருபக்கம் வைத்தாலும், எழுதிய டிவிடிகள் இரசாயனச் சாயத்தில் தரவை வைத்திருப்பவை. இந்தக் கடற்கரை ஈரத்திலும் வெக்கையிலும் பல ஏற்கனவே மங்கியிருக்கும். இடம் போதாமல் வீடியோக்களை வெட்டி எறிந்து எழுதிய கொப்பிகளும் ஏராளம். கேம் நடுவில் உறைந்து நின்றால் எமுலேட்டர் செட்டிங்ஸை நாள்முழுக்க நோண்டுவீர்கள், பிழை டிஸ்க்கில் இருக்கும். ஆகவே ஒரிஜினல்களிலிருந்து தொடங்குங்கள். கொப்பிகளில் மிகப் பிடித்த நாலைந்துக்கு செகண்ட் ஹேண்ட் ஒரிஜினல் தேடுங்கள். இன்டர்நெட்டிலிருந்து இறக்கும் வழியை என்னிடம் கேட்காதீர்கள்.

டிஸ்க்கை ஏற்றுமுன் துடையுங்கள். மெல்லிய பருத்தித் துணி, நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோடாக. வட்டமாகத் துடைத்தால் விழும் கீறல் தரவின் போக்கிலேயே போய் மொத்தமாகக் கெடுக்கும். அடிப்பக்கம் வெள்ளியாக இருந்தால் டிவிடி, நீலமாக இருந்தால் சிடி. இம்க்பர்ன் என்ற இலவச மென்பொருளில் டிவிடி ஐஎஸ்ஓ என்ற ஒரே ஃபைலாக வரும், நீல டிஸ்க் பின் (bin), கியூ (cue) என்று இரண்டு ஃபைலாக வரும். இரண்டையும் ஒன்றாகவே வையுங்கள். ஏற்றி முடிந்ததும் அந்தக் கேமின் ப்ராப்பர்ட்டீஸில் வெரிஃபை என்றொரு பட்டன் உண்டு. ரீடம்ப் என்ற தரவுத்தளத்தில் உள்ள கணக்கோடு உங்கள் கொப்பியை ஒப்பிட்டு, டிஸ்க் பிசகில்லாமல் ஏறியதா என்று சொல்லிவிடும். பிள்ளைகள் வந்து விளையாடும் நாளில் கண்டுபிடிப்பதைவிட இப்போதே தெரிவது நல்லது.

ஒரே கேம் இரண்டு தரம் நிற்பதற்கு அநேகமாக இதுதான் காரணம்: ஐஎஸ்ஓவைச் சுருக்கி சிஎச்டி ஆக்கியிருப்பீர்கள், பழையதையும் அதே போல்டரில் விட்டிருப்பீர்கள். சிஎச்டி நல்ல முறை. தரவு ஒரு துளியும் குறையாது, வேண்டும்போது திருப்பியும் எடுக்கலாம். மேம் என்ற ஆர்கேட் எமுலேட்டரோடு வரும் சிஎச்டிமேன் என்ற கருவி அதைச் செய்கிறது. டிவிடிக்கு ஒரு கட்டளை, சிடிக்கு வேறு கட்டளை. சிடிக்குக் கியூ ஃபைலைக் கொடுக்க வேண்டும், பின் ஃபைலை அல்ல. எவ்வளவு சுருங்கும் என்பது கேமைப் பொறுத்தது: வெற்றிடம் நிறைந்த டிஸ்க் நன்றாகச் சுருங்கும், வீடியோ நிறைந்தது பெரிதாகச் சுருங்காது. மாற்றிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால் அரைகுறை ஃபைல் ஒன்று மிஞ்சும், எனவே சிஎச்டி திறந்து ஓடுகிறதா என்று பார்த்த பிறகுதான் ஐஎஸ்ஓவை அழியுங்கள். இடம் போதுமான அளவு இருந்தால் இந்த வேலையே வேண்டாம் என்பது என் அபிப்பிராயம். 60 கேமுக்கு 1 டிபி டிஸ்க் தாராளம்.

போல்டர் அமைப்பை எளிமையாக வையுங்கள். தலைமைப் போல்டருக்குள் பிஎஸ்1, பிஎஸ்2, பயோஸ், சேவ் என்று நான்கு போதும். கார், சண்டை, கிரிக்கெட் என்று வகை பிரிக்கத் தொடங்கினால் அது முடியாது. பாதிக் கேம்கள் இரண்டு வகையில் விழும். ஃபைல் பெயரில் கேமின் பெயரும் சீரியலும் இருக்கட்டும். லிஸ்டுக்கு அது தேவையில்லை, நாளைக்கு எமுலேட்டர் மாறினால் உங்களுக்குத் தேவைப்படும்.

பயோஸ், அதாவது கொன்சோலைத் தொடக்கும் அடிப்படை மென்பொருள், பற்றி ஒரு வார்த்தை. அது இல்லாமல் பிசிஎஸ்எக்ஸ்2 எந்தக் கேமையும் தொடங்காது, அதை உங்கள் சொந்தக் கொன்சோலில் இருந்துதான் எடுக்க வேண்டும். பயோஸ்ட்ரெய்ன் என்ற சிறு நிரலைப் பென் டிரைவில் போட்டுக் கொன்சோலில் ஓட்டினால் எழுதித் தந்துவிடும். கொப்பி டிஸ்க் ஓடிய கொன்சோல் என்றால் கொப்பிகளை ஏற்கவைக்கும் சிப் போட்டதாகத்தான் இருக்கும், அதனால் இது சுலபம். இங்கே மட்டும் பென் டிரைவ் ஃபேட்32ஆக இருக்க வேண்டும். எந்த நாட்டுப் பயோஸ் என்றாலும் எல்லாப் பதிப்பும் ஓடும்.

கவர் படங்கள் இப்போது தானாகவே ஒழுங்குக்கு வரும். கவர் டவுன்லோடர் சீரியலை வைத்துத்தான் படம் தேடுகிறது. கிடைக்காதவற்றுக்கு உங்கள் பெட்டியின் முகப்பையே போனில் படமெடுத்து, ஓரம் வெட்டி, சீரியலைப் பெயராக வைத்து கவர்ஸ் போல்டரில் போடலாம். கவனம்: டிஸ்க்குக்குள் பார்த்த கீழ்க்கோடும் புள்ளியும் இங்கே வராது, எழுத்துக்கும் எண்ணுக்கும் நடுவில் ஒரு இடைக்கோடு மட்டும். பிள்ளைகளுக்கு மெனு எல்லாம் வேண்டாம், முழுத்திரையில் பெரிதாகக் காட்டும் பிக் பிக்சர் மோடைத் திறந்து கையில் கொன்ட்ரோலரைக் கொடுத்தால் போதும்.

கடைசியாக சேவ். கேமை நடுவில் அப்படியே உறையவைக்கும் சேவ் ஸ்டேட்டை நம்பாதீர்கள், எமுலேட்டரைப் புதுப்பித்த பிறகு பழையவை திறக்காமல் போகலாம். கேமுக்குள்ளேயே மெமரி கார்டில் சேவ் பண்ணப் பழக்குங்கள். பிள்ளைகள் இருவர் என்றால் இரண்டு மெமரி கார்ட் உருவாக்கி அவர்கள் பெயரையே வையுங்கள், "என் சேவை அழித்துவிட்டான்" என்ற சண்டை குறையும். எமுலேட்டரின் போல்டருக்குள் போர்ட்டபிள் என்ற பெயரில் வெற்று டெக்ஸ்ட் ஃபைல் ஒன்றை வைத்தால், சேவ், கவர், செட்டிங்ஸ் எல்லாம் அந்தப் போல்டருக்குள்ளேயே சேரும். புதிதாகத் தொடங்கும்போதே இதைச் செய்வது நல்லது. ஏற்கனவே டொக்கியுமென்ட்ஸில் சேர்ந்ததை நீங்கள்தான் நகர்த்த வேண்டும். வாரம் ஒருமுறை மெமரி கார்ட் போல்டரை மட்டும் வேறிடத்தில் கொப்பி பண்ணுங்கள், அது சில எம்பிதான். கேம்களை டிஸ்க்கிலிருந்து திரும்ப ஏற்றலாம், சேவ் ஃபைலை முடியாது.

அண்ணாவின் பழைய 8 எம்பி மெமரி கார்ட் இன்னும் பெட்டியில் கிடந்தால் அதையும் எறியாதீர்கள். கொன்சோலில் யூலோஞ்ச்எல்ஃப் என்ற ஃபைல் கொப்பி பண்ணும் நிரல் மூலம் சேவ் ஃபைலைப் பென் டிரைவுக்கு எடுத்து, மைஎம்சி என்ற கருவியால் எமுலேட்டரின் கார்டுக்குள் ஏற்றலாம். ஒன்று மட்டும்: ஐரோப்பியப் பதிப்பில் செய்த சேவ் அமெரிக்கப் பதிப்பில் பொதுவாகத் தெரியாது. அண்ணா விளையாடியது எஸ்எல்இஎஸ் டிஸ்க் என்றால், அந்தக் கேமுக்கு அதே டிஸ்க்கைத்தான் ஏற்ற வேண்டும்.