காந்தியும் ஒரு நார்வே ஆசிரியரும்

கேள்வி: காந்திக்கு நோபல் பரிசு கிடைக்காததில் ஒரு பத்திரிகை ஆசிரியருக்கும் பங்கு உண்டாமே? (வாசகர், கரூர்)

பதில்: உண்டு. மார்டின் ட்ரான்மேல். 1879-ல் பிறந்த நார்வேக்காரர். சுவருக்கு பெயின்ட் அடித்துப் பிழைத்தவர், அமெரிக்காவிலும் கொஞ்ச காலம் இருந்தார். அப்புறம் தொழிற்சங்க மேடை, பத்திரிகை என்று வளர்ந்து, 1921-ல் தொழிலாளர் கட்சி நாளேட்டின் ஆசிரியரானார். நாஜிகள் நாட்டைப் பிடித்தபோது ஸ்டாக்ஹோமுக்குத் தப்பினார். போர் முடிந்து திரும்பி, 1949 வரை அதே நாற்காலி.

அமைதிக்கான நோபல் பரிசு யாருக்கு என்று முடிவு செய்யும் நார்வே குழுவிலும் இருந்தார். 1947-ல் ஐந்து பேரில் இரண்டு பேர் காந்திக்காகப் பேசினார்கள். இந்தியா-பாகிஸ்தான் மோதல் எரிந்துகொண்டிருந்த நேரம் என்பதால் ட்ரான்மேல் தயங்கினார். அவர் மட்டும் இல்லை, முன்னாள் வெளியுறவு அமைச்சர் பிர்கர் பிராட்லாண்டும் அதே பக்கம். பரிசு, போரை எதிர்க்கும் கிறிஸ்தவப் பிரிவினரான குவேக்கர்களுக்குப் போனது. மூன்றே மாதத்தில் காந்தி சுடப்பட்டார்.

எனக்கு இதில் மனம் ஆறவே இல்லை. ராணுவ சேவைக்குப் போக மறுத்து வேலைநிறுத்தம் செய்யச் சொல்லிப் பிரச்சாரம் செய்ததற்காக, 1920-களில் சிறைக்கே போனவர் ட்ரான்மேல். காந்தியைப் புரிந்துகொள்ள அந்த அறையில் அவரைவிடப் பொருத்தமானவர் யார்? காந்தி சுடப்பட்ட 1948-ல் அமைதிப் பரிசை யாருக்கும் தரவில்லை.